சாட்சிக் கையெழுத்து

அத்தியாயம் 14

காலையில் வந்த முதல் வாடிக்கையாளரின் கண்ணாடியையே பாப்பா தப்பாக மாட்டிவிட்டாள். வலது கண்ணுக்கு உண்டான லென்ஸ் இடது பக்கம், இடது கண்ணுக்கு உண்டானது வலது பக்கம். வட்ட ஃப்ரேம் என்பதால் இரண்டும் சமத்தாகப் பொருந்தியும் விட்டன. அதைப் போட்டுக்கொண்டு வெளியே போன பெரியவர், கடைவாசலில் நின்று காலால் இரண்டு முறை துழாவிவிட்டுத் திரும்பி வந்தார்.

"ஏம்மா, உங்க படி கீழ இறங்குதா, மேல ஏறுதா?"

பாப்பாவுக்கு முகம் சிவந்துவிட்டது. கண்ணாடியை வாங்கி, லென்ஸ்களைக் கழற்றி, துடைத்து, அளந்து, மாற்றிப் போட்டுக் கொடுத்தாள். பன்னிரண்டு வருட வேலையில் இப்படி நடந்ததில்லை.

கல்லாவில் இருந்த முதலாளியம்மா எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டுதான் இருந்தார். "பதினொன்றரைக்குத்தானே விசாரணை? இப்பவே கிளம்பு. இன்னும் ரெண்டு பேருக்கு நீ கண்ணாடி போட்டா, ஊர்ல பாதிப் பேர் படியில உருண்டுடுவாங்க."

பாப்பாவுக்கு வயது நாற்பத்தொன்று. ஆனாலும் அம்மாவுக்கும் அண்ணனுக்கும் அவள் பாப்பாதான். அந்தப் பெயர் எப்படியோ கடைக்கும் வந்து ஒட்டிக்கொண்டது. கணவன் சரக்குக் கப்பலில் சமையல்காரன். ஐந்து மாதம் கடல், ஒரு மாதம் வீடு. இப்போது கடல்.

அவள் மனசு கலங்கியது போன வாரம் வந்த பதிவுத் தபாலால். அப்பா விட்டுப்போன மூன்று ஏக்கர் உப்பு பூத்த நிலம், புதுப் புறவழிச் சாலைக்காக எடுக்கப்பட்டது. இருபது வருடம் யாரும் ஏறெடுத்தும் பார்க்காத அந்த நிலத்துக்கு, அரசாங்கம் நல்ல இழப்பீடே ஒதுக்கியிருந்தது. ஆனால் பணம் பட்டுவாடா ஆகும் நேரத்தில், யாரோ ஆட்சேபனை மனு போட்டுவிட்டார்கள். பட்டுவாடா நிறுத்தம். வாரிசுகள் எல்லோரும் நேரில் வர வேண்டும். மனு போட்டவர் யார் என்று தபாலில் இல்லை.

அன்று சாயங்காலமே அண்ணன் போனில் பிடித்துக்கொண்டான்.

"நீதானே போட்டே?"

"எதை?"

"நடிக்காத பாப்பா. ஆட்சேபனை மனுவை."

"சத்தியமா நான் இல்லண்ணா."

"அப்ப ரோடு ரோலரா வந்து மனு போட்டுச்சு? உனக்கு அதுல கேக்கறதுக்கு என்ன இருக்கு? நீதான் பதினோரு வருஷத்துக்கு முன்னாடியே விடுதலைப் பத்திரம் எழுதிக் கொடுத்துட்டியே!"

விடுதலைப் பத்திரம் என்றால் தன் பங்கை விட்டுக்கொடுத்து எழுதுகிற பத்திரம். அப்படி ஒன்றை அவள் எழுதியதாக அவளுக்கே தெரியாது. ஒரு வாரமாக மண்டையைக் குடைந்துகொண்டிருந்தாள். எப்போது? எங்கே?

நில எடுப்பு அலுவலகத்துக்குப் போகும் பஸ்ஸில், கம்பியைப் பிடித்து நின்றபடி இருக்கும்போது அது ஞாபகம் வந்தது.

அப்பா போன மறு வருடம். கண்ணாடிக் கடையில் வேலைக்குச் சேர்ந்த புதிது. மதியச் சாப்பாட்டுக்கு அரைமணி நேரம்தான் விடுவார்கள். அம்மா கடைவாசலில் வந்து நின்றாள். பக்கத்துத் தெருவில்தான் பதிவு அலுவலகம். ஒரே கூட்டம், ஒரே புழுக்கம். பெருவிரலில் மை. "படிச்சுப் பாத்தீங்களா, சம்மதம்தானா?" என்று யாரோ முகத்தைப் பார்க்காமலே கேட்டார்கள். பாப்பா அம்மாவைப் பார்த்தாள். அம்மா தலையசைத்தாள். "சம்மதம்," என்றாள் பாப்பா. சாப்பிடாமலே கடைக்கு ஓடினாள்.

அது என்ன பேப்பர் என்று அவள் கேட்டதும், அம்மா சொன்ன பதிலும்கூட இப்போது காதில் விழுந்தன.

பஸ் ஒரு குலுக்கு குலுக்கி நின்றது.

* * *

அலுவலகத்தின் தாழ்வாரத்தில் நீளமான இரும்பு பெஞ்சு. அதன் ஒரு கோடியில் அண்ணன், நடுவில் அவனுடைய வக்கீல், மறுகோடியில் அம்மா. சினிமா தியேட்டரில் ஒருவரை ஒருவர் தெரியாதவர்கள் உட்காருவதுபோல இடம் விட்டு உட்கார்ந்திருந்தார்கள்.

அண்ணனுக்குப் பழைய நெடுஞ்சாலையில் டயர் கடை. எத்தனை தேய்த்தாலும் போகாத கறுப்பு அவன் நகக்கண்களில். வெளுத்த சட்டை போட்டிருந்தான். அம்மா அவனோடுதான் இருக்கிறாள். பள்ளிக்கூட அலுவலகத்தில் முப்பது வருடம் கிளார்க்காக இருந்து ஓய்வு பெற்றவள். இன்றும் கைப்பையில் இரண்டு பேனா வைத்திருப்பாள், ஒன்று எழுதாவிட்டால் இன்னொன்று.

"சாப்பிட்டியாம்மா?" என்றாள் பாப்பா.

அம்மா தலையை ஆட்டினாள். நிமிர்ந்து பார்க்கவில்லை.

அண்ணன் எழுந்து வந்தான். குரலைத் தாழ்த்திக்கொண்டான். "பாப்பா, இப்பவும் ஒண்ணும் கெட்டுப் போகலை. உள்ள போய் வாபஸ் வாங்கிக்கறேன்னு சொல்லிடு. புது ரோடு திறந்துட்டா பழைய ரோட்டுல ஒரு லாரி வராது. என் கடைக்கு ஈ ஓட்டற வேலைதான். புது ரோட்டுல ஒரு இடம் பேசி வெச்சிருக்கேன். இந்தக் காசு வந்தாத்தான் உண்டு."

"நான் போடலைங்கறேன். எத்தனை தடவை சொல்றது?"

"உன் வீட்டுக்காரர் போட்டிருப்பாரு."

"அவர் கடல் நடுவுல வெங்காயம் உரிச்சிட்டு இருக்காரு. அங்கிருந்து எப்படிப் போடுவாரு, பாட்டில்ல போட்டா?"

வக்கீல் சிரித்துவிட்டார். அண்ணன் முறைத்ததும், இருமலாக மாற்றிக்கொண்டார்.

"ஏன் அண்ணா," என்றாள் பாப்பா, "அந்தப் பத்திரத்துல நான் என்ன எழுதிக் கொடுத்தேன்னு எனக்குத் தெரியும்னு நீ நெஜமாவே நம்பறியா?"

அண்ணன் அவளை விசித்திரமாகப் பார்த்தான். பதில் சொல்ல வாயைத் திறந்தபோது உள்ளேயிருந்து அழைப்பு வந்துவிட்டது.

* * *

அதிகாரி ஒரு பெண்மணி. ஜலதோஷம் பிடித்த குரல். முன்னால் இருந்த மேசையில் கோப்புகள் மலைபோல் குவிந்திருந்தன. நான்கு பேரையும் உட்காரச் சொன்னார். நாற்காலி மூன்றுதான் இருந்தது. அண்ணன் நின்றான்.

"ஆவணப்படி தாயும் மகனும்தான் உரிமையாளர்கள். மகள் தன் பங்கை அண்ணனுக்கு விட்டுக்கொடுத்திருக்காங்க. பதிவான பத்திரம். இதுவரைக்கும் சிக்கல் இல்லை." மூக்கைத் துடைத்துக்கொண்டு ஒரு காகிதத்தை எடுத்தார். "அந்தப் பத்திரம் செல்லாதுன்னு மனு வந்திருக்கு."

காகிதம் பாதிதான் வெளியே வந்திருந்தது. அதற்குள் பாப்பா அடையாளம் கண்டுகொண்டாள். அந்தக் கையெழுத்தை அவளுக்குத் தெரியும். அவளுடைய பள்ளிக்கூட நோட்டு அத்தனையிலும் அட்டை போட்டுப் பெயர் எழுதிய கையெழுத்து.

"மனுதாரர்," என்றார் அதிகாரி, "உங்க அம்மா."

அண்ணனின் முகத்தில் ஈயாடவில்லை.

அம்மா மெதுவாக எழுந்து நின்றாள். உட்கார்ந்தே பேசலாம் என்று அதிகாரி சொல்லியும் உட்காரவில்லை.

"அந்தப் பத்திரத்துக்கு நான் சாட்சிக் கையெழுத்துப் போட்டிருக்கேன் மேடம். என் பொண்ணு விஷயம் தெரிஞ்சு சம்மதத்தோட எழுதிக் கொடுத்தான்னு அதுக்கு அர்த்தம். அது பொய். அவளுக்கு அது என்ன பத்திரம்னே தெரியாது. தெரியாதுன்னு தெரிஞ்சேதான் நான் போட்டேன்."

அதிகாரி மனுவை மேசையில் வைத்தார்.

"அம்மா…" என்றான் அண்ணன். கூப்பிடுகிறானா, கெஞ்சுகிறானா என்று தெரியவில்லை.

அதிகாரி அவன் பக்கம் திரும்பினார். "பத்திரம் உங்க பேர்லதான் ஆகியிருக்கு. தங்கச்சிக்குத் தெரியாதுங்கறது உங்களுக்குத் தெரியுமா, தெரியாதா?"

அண்ணன் அம்மாவைப் பார்த்தான். அம்மா மேசையைப் பார்த்தாள். அவன் உதடுகள் அசைந்தன. வக்கீல் அவன் முழங்கையை இலேசாகத் தட்டினார். அண்ணன் கடைசியில் தலையைக் குனிந்துகொண்டான்.

"நான் எதுவும் சொல்ல விரும்பலை மேடம்."

இதற்கு மேல் என்ன ஒப்புதல் வேண்டும் என்று பாப்பாவுக்குத் தோன்றியது. கண் எரிந்தது. அண்ணன் செய்தான் என்பது பாதி எரிச்சல். அம்மா அவனுக்குத் துணை நின்றாள் என்பதுதான் தாங்கவில்லை.

அதிகாரி அம்மாவிடம் பேசியபோது குரல் கொஞ்சம் இறங்கியிருந்தது. "அம்மா, நீங்க எழுதிக் கொடுத்திருக்கறது சின்ன விஷயம் இல்லை. தெரிஞ்சே பொய்ச் சாட்சி போட்டேன்னு ஒத்துக்கிட்டா, அது தனி வழக்கா போகலாம். யோசிச்சுத்தான் எழுதினீங்களா?"

"எனக்கு அறுபத்தெட்டு வயசாகுது. யோசிக்கறதுக்கு வேற என்ன இருக்கு?"

அதிகாரி பாப்பாவிடம் ஒரு படிவத்தை நீட்டினார். "உங்க வாக்குமூலம்தான் முக்கியம். தெரிஞ்சு போட்டீங்களா, தெரியாம போட்டீங்களா. எழுத்துல கொடுங்க. பதினஞ்சு நாள் டைம். அதுவரைக்கும் பணம் அப்படியே இருக்கும்."

* * *

வெளியே வெயில் சுட்டது. அண்ணன் யாரோடும் பேசாமல் வண்டியை எடுத்தான். வக்கீல் ஓடிப்போய் முன்கதவைத் திறந்து ஏறிக்கொண்டார். அம்மா பின்கதவில் கை வைக்கப் போனபோது வண்டி நகர்ந்துவிட்டது. வேண்டுமென்றே செய்தானா, கவனிக்கவில்லையா? அம்மாவின் கை அப்படியே நீட்டியபடி நின்றது.

பாப்பா பஸ் நிறுத்தத்தை நோக்கி நடந்தாள். பத்தடி போனதும் நின்றாள். திரும்பிப் பார்க்காமல் சொன்னாள்:

"வா."

பஸ்ஸில் இரண்டு பேரும் முன்னும் பின்னுமாக உட்கார்ந்தார்கள்.

பாப்பாவின் வீடு இரண்டாவது மாடியில் ஒரு அறையும் சமையலறையும். அம்மா மூச்சு வாங்க ஏறி வந்து, சமையலறை ஸ்டூலில் உட்கார்ந்தாள். பாப்பா தண்ணீர் கொடுத்தாள். அம்மா குடித்து முடிக்கும்வரைதான் பொறுத்தாள்.

"ஏன்மா?"

"அவன் கடை மூழ்கிட்டு இருந்துச்சு. பங்குக்காரங்க குறைவா இருந்தா பேங்க்ல சீக்கிரம் கடன் கிடைக்கும்னாங்க. உனக்குன்னு ஒரு வேலை இருக்கு, உன் புருஷனுக்குச் சம்பளம் வருது. அந்த உப்பு மண்ணு உனக்கு எதுக்குன்னு நெனச்சேன்."

"கேட்டிருந்தா நானே கொடுத்திருப்பேனே?"

"கொடுத்திருப்பே. கொடுக்க மாட்டேன்னும் சொல்லியிருக்கலாம். அந்த பயம்."

"பேங்க் பேப்பர்னு சொன்னே. எனக்கு இன்னிக்கு பஸ்ல வரும்போதுதான் ஞாபகம் வந்துச்சு. 'பேங்க் பேப்பர்தான் பாப்பா, போடு'ன்னே."

அம்மா தம்ளரைக் கீழே வைத்தாள். "அந்த வார்த்தைதான் என்னை மனு எழுத வெச்சுது."

போன மாதம் அண்ணன் அவளிடம் ஒரு காகிதத்தை நீட்டினானாம். கடைக்குக் கிளம்பும் அவசரம். என்ன இது என்று அம்மா கேட்டதற்கு, "பேங்க் பேப்பர்தான்மா, போடு" என்றானாம்.

"என் பங்கையும் எழுதி வாங்கறான்னு நெனச்சுட்டேன். கண்ணாடி கிடைக்கலைன்னு சொல்லி அப்புறம் போடறேன்னுட்டேன். அவன் போனதும் படிச்சுப் பாத்தேன். நெஜமாவே பேங்க் பேப்பர்தான் பாப்பா. இழப்பீடு வந்தா போடறதுக்கு என் பேர்ல ஒரு கணக்கு." அம்மா சிரிக்க முயன்றாள், முடியவில்லை. "பெத்த புள்ளை நெஜத்தைச் சொல்றான், என்னால நம்ப முடியலை. ஏன்னா அந்த வார்த்தையை வெச்சுக்கிட்டு என்ன பண்ணலாம்னு எனக்குத் தெரியும். பண்ணினவ நான்தானே?"

பாப்பா ஜன்னல் பக்கம் போய் நின்றாள். கீழே ஒருவன் சைக்கிளில் காலி டப்பாக்களைக் கட்டிக்கொண்டிருந்தான். அவன் கட்டி முடித்துக் கிளம்பும்வரை பார்த்துக்கொண்டே நின்றாள்.

* * *

ஐந்தரை மணிக்குக் கதவு தட்டப்பட்டது. அண்ணன். கையில் அம்மாவின் துணிப்பை, மாத்திரை டப்பா.

"பிரஷர் மாத்திரை ராத்திரி ஒண்ணு. மறந்துடுவாங்க, நீதான் கொடுக்கணும்," என்றான். உள்ளே வரவில்லை. சமையலறைக் கதவு சாத்தியிருந்தது. அதன் பின்னால் அம்மா இருக்கிறாள் என்று இருவருக்கும் தெரியும்.

"உள்ள வாண்ணா."

"வேணாம்." செருப்பின் நுனியால் தரையைத் தேய்த்தான். "வக்கீல்கிட்ட பேசினேன். நீ எழுதப்போற ஒரே ஒரு வரிதான் பாப்பா. தெரியாமதான் போட்டேன்னு எழுதினா நான் திருடன், அம்மா மேல வழக்கு. தெரிஞ்சுதான் போட்டேன்னு எழுதினா அம்மா இன்னிக்குச் சொன்னது பொய், உனக்கு ஒண்ணும் இல்லை. எதுவானாலும் யாரோ ஒருத்தர் கெட்டவங்க ஆகணும்."

"நான் ஒருத்தி முட்டாளா இருக்கேனே, அது கணக்குல இல்லையா? பதினோரு வருஷமா எல்லாரும் சேர்ந்து என்னை அப்படித்தானே வெச்சிருந்தீங்க?"

அண்ணன் நிமிர்ந்தான். கண் கலங்கியிருந்தது. அது கோபமா, வேறு ஏதாவதா என்று அவளுக்குப் புரியவில்லை.

"உன்னை நான் முட்டாள்னு ஒருநாளும் நெனச்சதில்லை. ரொம்பப் பெரிய மனசுக்காரின்னுதான் நெனச்சிட்டு இருந்தேன்."

விறுவிறுவென்று படியிறங்கிப் போய்விட்டான்.

என்ன நடிப்பு என்று நினைத்தாள் பாப்பா. கதவைச் சாத்தினாள். மேசையை இழுத்துப் போட்டு, அதிகாரி கொடுத்த படிவத்தை எடுத்து விரித்தாள். பதினைந்து நாள் எதற்கு? இன்றைக்கே எழுதிவிட வேண்டியதுதான்.

சமையலறைக் கதவு திறந்தது. அம்மா வந்து எதிரில் உட்கார்ந்தாள்.

"எழுதறதுக்கு முன்னாடி ஒண்ணு கேட்டுக்கோ."

"இன்னும் என்ன?"

"அவனுக்கும் தெரியாது."

"எது தெரியாது?"

"உனக்குத் தெரியாதுங்கறது." அம்மாவின் குரல் கிட்டத்தட்ட அடங்கிவிட்டது. "நீயே மனசார விட்டுக்கொடுத்தேன்னு அவன்கிட்ட சொன்னேன். 'அண்ணன் கடை நிமிர்ந்தா போதும், எனக்கு ஒண்ணும் வேணாம்'னு நீ சொன்னதாச் சொன்னேன். வாங்க மாட்டேன்னு ஒரே பிடியா நின்னான். அதுக்கு மேல பேசினா பாப்பா வருத்தப்படுவா, அவகிட்ட இதைப் பத்தி வாயே திறக்காதேன்னு நான்தான் அடக்கி வெச்சேன். அந்த வருஷம் ஒருநாள் திடீர்னு உனக்கு ஒரு ஃப்ரிட்ஜ் கொண்டு வந்து இறக்கினானே? எதுக்குன்னு நெனச்சே?"

மூலையில் அந்த ஃப்ரிட்ஜ் உறுமிக்கொண்டிருந்தது.

"அப்ப… இன்னிக்கு அங்க அந்த ஆபீசரம்மா கேட்டப்ப…"

"தெரியாதுன்னு சொன்னா, அவனையும் நான்தான் ஏமாத்தினேன்னு ஆயிடும்னு பேசாம நின்னான்."

"நீ ஏன்மா பேசலை? பக்கத்துலதானே நின்னே?"

"மனுவுலயே எழுதணும்னுதான் உக்காந்தேன். உன்னை ஏமாத்தினேன்னு எழுதிட்டேன். அவனையும் ஏமாத்தினேன்னு எழுதறப்ப கை வரலை. ரெண்டு புள்ளைங்க கிட்டயும் ஒரே நாள்ல…" அம்மா முடிக்கவில்லை.

பாப்பா போனை எடுத்தாள். மணி போய்க்கொண்டே இருந்தது. அண்ணன் எடுக்கவில்லை. மறுபடி அடித்தாள். முக்கால் மணி நேரமாக விட்டுவிட்டு அடித்த பிறகு, எடுத்தது வக்கீல்.

"நல்லவேளை, நீங்களே கூப்பிட்டீங்க," என்றார். பின்னால் தட்டச்சு இயந்திரச் சத்தம். "உங்க அண்ணன் என் ஆபீஸ்லதான் இருக்காரு. எழுதிக் கொடுக்கறேன்னு ஒத்தக்கால்ல நிக்கறாரு."

"என்னன்னு?"

"தங்கச்சியை ஏமாத்திப் பத்திரம் வாங்கினதும் நான்தான், அம்மாவை மிரட்டிச் சாட்சிக் கையெழுத்து வாங்கினதும் நான்தான்னு. அம்மா தப்பிச்சுடுவாங்களாம். நான் எவ்வளவோ சொல்லிப் பாத்துட்டேன். கையெழுத்துப் போட்டுட்டார்னா அப்புறம் யாராலயும் ஒண்ணும் பண்ண முடியாது. நீங்க வந்து சொன்னா கேப்பாரா?"

"நான் சொன்னா போதாது சார். ஒரு அரைமணி நேரம் அவரை எப்படியாவது நிறுத்தி வைங்க. அம்மாவைக் கூட்டிட்டு வரேன்."

போனை வைத்துவிட்டு வாசலுக்கு ஓடினாள். தன் செருப்பை மாட்டிக்கொண்டு, அம்மாவின் செருப்பைத் திருப்பி நேராக வைத்தாள்.

"எழுந்திரும்மா. என்கிட்ட இப்பச் சொன்னதை அவன்கிட்ட சொல்லணும். உடனே."

அம்மா இரண்டு கைகளாலும் மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டாள்.

எழுந்திருக்கவில்லை.